மனைப்படப்பும் களாவேலியும்

காஞ்சிக்கு அண்மையிலுள்ள கூரம் என்னும் சிற்றூர் தமிழ்நாட்டு வரலாற்று மாணவர்க்கு இருவகையால் அறிமுகமானது. முதலாம் பரமேசுவரவர்மன் வழங்கிய செப்பேடு இவ்வூர்ப் பெயராலேயே கூரம் செப்பேடு என வழங்குகிறது. இராமாநுசரின் தலைமாணாக்கருள் ஒருவராகிய கூரத்தாழ்வான் பிறந்த ஊரும் இதுவே. ஏழாம் நூற்றாண்டின் பிற்பகுதியைச் சேர்ந்த அச்செப்பேட்டினை உல்ச்சு 1890இல் தென்னிந்தியக் கல்வெட்டுகளின் முதல் தொகுதியில் பதிப்பித்தார். அன்று தொட்டு அதனைப் போர் வரலாற்றுக்காகப் படித்தோர் பலர். சளுக்கிய விக்கிரமாதித்தன் கந்தை உடுத்து ஓடினான் என்று அது கூறும் பகுதியே மிகுதியும் எடுத்தாளப்பட்டு வந்துள்ளது. ஊரின் வாழ்வை அறிய விரும்புவார்க்கோ அதன் பிற்பகுதியே பயன் மிக்கது. கோயில் ஒன்று, அதன்கண் பாரதம் வாசிக்க ஒரு மண்டபம், பரமேச்சுர தடாகம் என்னும் ஏரி, பாலாற்றிலிருந்து அவ்வேரிக்கு நீர் கொணரும் பெரும்பிடுகு என்னும் கால் ஆகிய இவையெல்லாம் அதில் காணப்படுகின்றன. நீர் எங்கிருந்து வந்தது, எங்கே தேங்கியது, யார் பொருட்டு நிலம் பகுக்கப்பட்டது என்பவற்றை அச்செப்பேடு கொண்டு அறியலாம்.

ஆயினும் வீட்டின் கொல்லைப்புறத்தில் என்ன நின்றது என்பதனை அரசர் ஆவணங்கள் எளிதில் உரைப்பதில்லை. பல்லவர் காலத்துச் செப்பேடுகளிலும் பின்னைச் சோழர் கல்வெட்டுகளிலும் மனை, மனைப்படப்பு என்னும் இரு சொற்களும் இணைந்தே பயில்கின்றன. படப்பை என்பது மனையை ஒட்டிய தோட்டம். சங்க நூல்களில் பெருக வழங்கிய இச்சொல் இன்று பேச்சு வழக்கில் அருகிவிட்டது. ஆனால் காஞ்சிபுரம் மாவட்டத்திலேயே படப்பை என ஓர் ஊர் இருந்து அதனைக் காத்து வருகிறது. அம்மனைப்படப்பின் எல்லையில் வேலியாக நின்ற செடிகளுள் ஒன்றாகிய களாவினைப் பற்றி ஆராய்தலே இக்கட்டுரையின் நோக்கம்.

மேலைநாட்டார் தம் வீட்டுத் தோட்டங்களில் 'கரண்ட்' என்னும் புளிப்புக் கனிச் செடிகளை வளர்த்துப் பாகும் தேறலும் செய்வர். அச்செடிகள் குளிர்நாட்டுக்கு உரியவை. தொண்டைநாட்டு வெயிலில் நில்லா. ஆங்கிலேயர் இந்நாட்டிற்கு வந்தபோது தாம் இழந்த அப்புளிப்பினை வேறொரு முட்செடியின் கனியிற் கண்டு, அதற்குப் 'பெங்கால் கரண்ட்' எனப் பெயரிட்டனர். அதுவே நம் களா. குடும்பத்தால் இரண்டற்கும் யாதோர் உறவும் இல்லை. களா அலரியின் குடும்பத்தது. கிள்ளினால் பால் வடியும். இலின்னேயசு 1767இல் இதற்குக் 'கரிசா கரண்டாசு' எனப் பெயரிட்டார். இதனைப் பெருங்களா என்றும், புதர்க்காடுகளில் தானே வளரும் சிறுகாய்ச் செடியினைச் சிறுகளா என்றும் நம்மவர் பிரித்து வழங்கினர். தொண்டைநாட்டின் வறண்ட காப்புக்காடுகளிலும் ஏரிக்கரை மேடுகளிலும் காணப்படுவது பெரும்பாலும் சிறுகளாவே. வீட்டருகே நட்டு வளர்க்கப்படுவது பெருங்களா.

பெயர் குறித்துச் சிறிது கூறல் வேண்டும். சங்கப் பாடல்களில் இச்செடி களா என்றும் களவு என்றும் வருகிறது. திருட்டைக் குறிக்கும் களவும் அகப்பொருட் களவும் பயின்ற மாணவர், முல்லைப் பாட்டொன்றில் களவு புளித்தது என்று காணும்போது முதலில் மயங்குவர். இதில் மயக்கம் ஒன்றும் இல்லை. குற்றெழுத்தின் பின்வரும் ஆகாரம் குறுகுதலும், குறுகியபின் உகரம் ஏற்றலும், இயல்பாய் நிற்றலும் செய்யுளில் உண்டென நன்னூல் கூறும். நிலா என்பது நிலவு ஆதல் போலக் களா என்பது களவாயிற்று. களங்காய், களங்கனி என்னும் வடிவங்களோ, மரப்பெயரின் பின் இனமெல்லெழுத்துத் தோன்றும் முறைமையால் விளங்காய், மாங்காய் என்பவற்றோடு ஒத்து நிற்பன. ஒரு செடியின் பெயர் இத்துணை வடிவங்களில் வழங்குமாயின், அது மக்கள் நாவில் நெடுங்காலம் புழங்கிய பெயர் என்று கொள்ளலாம்.

இனிச் சங்க நூல்களில் இச்செடி பயன்படுமாற்றைக் காண்போம். நாம் இங்கு வற்புறுத்த விரும்புவது ஒன்றுண்டு. புலவர்கள் களாவைப் பொதுப்படக் கூறினாரல்லர். காய், கனி, புளிப்பு என்னும் மூன்று நிலைகளையும் வேறுபடுத்தி, அவ்வவ்விடத்திற்கு வேண்டுவதையே எடுத்தாண்டனர்.

நிறம் வேண்டுமிடத்துக் கனி வருகிறது. ஆய் அண்டிரனைப் பாடிய உறையூர் ஏணிச்சேரி முடமோசியார் புறநானூற்று 127ஆம் பாட்டிலும், பேகனைப் பாடிய பரணர் 145ஆம் பாட்டிலும், சீறியாழின் கரிய கோட்டிற்குக் களங்கனியை உவமை கூறுகின்றனர். பழுத்த களா வெறுங்கருமை உடையதன்று. செம்மை உள்ளே ஊறி நிற்கும் பளபளப்பான கருமை. கைபட்டுத் தேய்ந்து மெருகேறிய யாழ்க்கோட்டிற்கு இதனினும் பொருத்தமான உவமை அரிது.

சுவை வேண்டுமிடத்துப் புளிப்பு வருகிறது. ஆவூர் மூலங்கிழார் மல்லி கிழான் காரியாதியைப் பாடிய 177ஆம் புறப்பாட்டில், கள்ளுண்டு கண்சிவந்த ஆடவர் புளிப்பினை விரும்பிக் களாவும் துடரியும் தின்கின்றனர். அவை தெவிட்டியபின் ஆற்று மணல்மேட்டில் ஏறி நாவற்கனி கொய்து உண்கின்றனர். துடரி இன்ன செடி என்பதில் கருத்து வேறுபாடு உண்டாயினும், களாவில் ஐயம் இல்லை. மதுவுக்குப் பின் புளிப்பினை நாடுதல் இன்றும் உள்ள வழக்கமே. ஊறுகாய்ச் சட்டியின் வரலாற்றை எழுதப் புகுவார் இப்பாட்டிலிருந்து தொடங்குதல் தகும்.

காலம் வேண்டுமிடத்தும் அப்புளிப்பே வருகிறது. அகநானூற்று 394ஆம் பாட்டில் நன்பலூர்ச் சிறுமேதாவியார், களா புளித்ததும் விளா பழுத்ததும் கூறி, ஆட்டுத் தயிரும் வரகரிசியும் ஈயலும் பெய்து அட்ட புளிச்சோற்றினை விவரிக்கிறார். மழையில் நனைந்த புற்றிலிருந்து ஈயல் எழும் காலம் கார்காலம். ஆவணியும் புரட்டாசியும் கார் என்பது பொருளிலக்கண மரபு. நம் நாட்டில் களா ஆடி தொட்டுப் புரட்டாசி வரை காய்த்துப் பழுப்பதனைத் தோட்டம் உடையார் அறிவர். ஈராயிரம் ஆண்டுக்கு முற்பட்ட முல்லைப் பாட்டும் இன்றைய வேலியும் ஒரே பருவத்தைக் காட்டுகின்றன.

மூன்றாவதாகிய காயினைப் பற்றியே நாம் சிறப்பாகக் கூற வேண்டும். பதிற்றுப்பத்தின் நான்காம் பத்திற்கு உரிய தலைவன் களங்காய்க் கண்ணி நார்முடிச் சேரல். பாடியவர் காப்பியாற்றுக் காப்பியனார். அகநானூற்று 199ஆம் பாட்டிலும் கல்லாடனார் இப்பெயரையே குறித்து, அவன் இழந்த நாட்டை மீட்ட செய்தியைக் கூறுகின்றார். பொன்முடி சூட வேண்டிய வேந்தன் நாராற் செய்த முடியையும், களங்காயாற் கட்டிய கண்ணியையும் அணிந்ததேன்? பதிற்றுப்பத்தின் பழைய உரைகாரர், முடிசூடும் வேளையில் ஏதோ ஒரு காரணத்தால் தக்க முடியும் கண்ணியும் உதவாமையின் இவை கொள்ளப்பட்டன என்ற அளவில் நின்றார். காரணம் இன்னதென அவர் கூறவில்லை. பின்வந்த வரலாற்று ஆசிரியருட் சிலர் அவ்விடைவெளியை நிரப்பி, முடியும் மாலையும் பகைவர் கையில் இருந்தன என எழுதினர். கருதத்தக்க ஊகமே, ஆயினும் ஊகம் என்பதனை மறத்தலாகாது. 39ஆம் பாட்டில் அந்நார்முடி பொன்னும் மணியும் முத்தும் இழைக்கப்பெற்று விளங்குவதாகக் கூறப்படுதலையும் நோக்குக. இல்லாமையால் சூடப்பட்ட ஒன்று பின்னர் அக்குடியின் பெருமைக்குரிய அணியாக மாறியது போலும்.

இங்கே காய் என்னும் சொல்லை அனைவரும் கடந்து செல்கின்றனர். கண்ணி தொடுத்தற்குக் களங்கனி உதவாது. கனிந்த களாவைத் துளைத்தால் சாறு ஒழுகும். நெற்றியும் மார்பும் கறைபடும். காயோ கெட்டியானது, வெண்மையில் செம்மை பரந்து, கொத்தாக நிற்கையில் மணிபோலத் தோன்றும். கோத்தபின் வாடாது சில நாள் இருக்கும். எனவே களங்காய்க் கண்ணி என்ற பெயரில் உள்ள காய், செய்யுள் நோக்கி வந்ததன்று. அச்செடியைக் கையாண்டார் வாய்மொழியே ஆகும். யாழுக்குக் கனி கூறிய மரபே கண்ணிக்குக் காய் கூறியது. இவ்வேறுபாடு காட்டினின்று தொலைவில் இருந்து எழுதினார்க்குத் தோன்றாது.

ஆனால் இவையெல்லாம் காட்டுக்களா. அது வீட்டிற்கு வந்தது எப்பொழுது? இவ்வினாவுக்குக் காஞ்சியைப் பாடும் பெரும்பாணாற்றுப்படையே ஒரு வழி காட்டுகிறது. தொண்டைமான் இளந்திரையனிடம் செல்லும் பாணன் வழியில் இருவகைக் குடியிருப்புகளைக் காண்கிறான். ஆயர் குடியிருப்பிற்கு வேலி இடுமுள்வேலி. வெட்டிய முள்ளைக் கொணர்ந்து இட்டது. தோட்டக்குடியினர் மனையிலோ மஞ்சள் வளரும் முற்றமும் மணம் கமழும் படப்பையும் உள்ளன. சிறுமேதாவியாரின் முல்லைப் பாட்டிலும் களா புளிக்கும் அந்நிலத்து ஆயர் இடுமுள்வேலியே இட்டுள்ளனர். ஆதலின் முட்செடியை வெட்டி இடுதல் முதல்நிலை என்றும், அதனை நட்டு உயிர்வேலியாக வளர்த்தல் படப்பை நிலைத்தபின் வந்த அடுத்தநிலை என்றும் கொள்ளலாம். ஆடுமாடுகளோடு இடம்பெயரும் குடிக்கு மூன்றாண்டு காத்திருந்து வளர்க்கும் வேலி பயன்படாது. புறநானூறு பருத்திச் செடி வேலியாக நின்ற சிற்றூரையும் காட்டுதலின், உயிர்வேலி அக்காலத்தே அறியப்படாததும் அன்று. களாவேலியின் தொடக்கத்திற்கு நேர்ச்சான்று கூறத்தக்க பாட்டு ஒன்றும் நமக்குக் கிட்டவில்லை. இது நம் கருத்தளவேயாம்.

செப்பேடுகள் இங்கு நமக்குத் துணைசெய்யாமைக்குக் காரணம் உண்டு. கொடை நிலத்தின் எல்லையில் கல்லும் கள்ளியும் நாட்டினர் என்பது பல்லவர், சோழர் ஆவணங்களில் பயிலும் வாய்பாடு. ஏன் கள்ளி? கள்ளியின் கிளையை ஒடித்து நட்டால் அன்றே எல்லை அமைந்துவிடும். படாகை நடந்து எல்லை காட்டும் ஊரார்க்கு அதுவே ஏற்றது. களா விதையினின்று மெல்ல வளர்வது. அதன் பயன் எல்லை காட்டுவதோடு நில்லாது. அதனை நட்டவர் அரசின் ஆள் அல்லர், வீட்டார். மேலும் ஆவணங்கள் எண்ணியவை இறைக்கு உரியன: தெங்கு, பனை, கமுகு முதலியன. தெங்கும் பனையும் இன்னார் ஏறப் பெறார் என விதித்தோர், களாக்காயை யார் பறிப்பர் எனக் கேட்கவில்லை. வரி இல்லாதது வரலாற்றிலும் இல்லாது போயிற்று. வேலி என்ற சொல்லே நில அளவைப் பெயராய்ச் சோழர் கல்வெட்டுகளில் எங்கும் நிறைந்திருக்க, அவ்வேலியில் நின்ற செடியின் பெயர் அவற்றில் அரிதாயிருத்தல் வியப்பன்று. மனைப்படப்பின் வரலாற்றைக் கல்வெட்டுக் கொண்டு மட்டும் எழுதப் புகும் ஆய்வாளர் இக்குறையை மனத்துட் கொள்ளல் வேண்டும். தென்பாண்டி நாட்டுக் களக்காடு என்ற ஊர்ப்பெயரைக் களாவோடு இயைத்துக் கூறும் வழக்கும் உண்டு. ஊர்ப்பெயர்களை இந்நோக்கில் தொகுப்பின் பயன் விளையும்.

கூரம் வைணவ உலகில் பெற்ற இடத்தால் இன்னொரு சான்றும் இங்கு நினைவுக்கு வருகிறது. நாச்சியார் திருமொழியின் ஒன்பதாம் பதிகத்தில் ஆண்டாள், குயிலையும் மயிலையும் கருவிளையையும் களங்கனியையும் பூவைமலரையும் ஒருசேர விளித்து, மாலிருஞ்சோலைப் பெருமானின் நிறம் உங்களுக்கு எதற்கு என்று சினக்கிறாள். ஐவரையும் பெரும்பாதகர் என்கிறாள். யாழ்க்கோட்டிற்கு உவமையான கனி இங்குத் திருமேனிக்கு உவமையாகிறது. பாதகர் வரிசையில் நிறுத்தப்பட்டது களாவுக்குக் கிடைத்த பெரும்பேறு என்றே கூறலாம். கூரத்தாழ்வான் மரபினர் ஓதி வந்த பாசுரங்களில், வேலியோரத்துக் கனிக்கும் இடம் இருந்தது.

இடைக்காலத்தைக் கடந்து கும்பினியார் காலத்திற்கு வருவோம். வட இந்தியாவில் உப்புவரி தப்பாதிருக்க ஆங்கில அரசு நிறுவிய சுங்க எல்லை, 1869இல் ஏறத்தாழ 2,300 மைல் நீண்டு, 12,000 பேரால் காக்கப்பட்டது. அதன் பெரும்பகுதியில் உயிர்வேலி வளர்க்க முயன்றவர் ஏ. ஓ. இயூம், பின்னர் காங்கிரசு நிறுவுவதில் முன்னின்றவரும் அவரே. இலந்தை, கருவேல், சப்பாத்தி, கள்ளி என்பவற்றோடு களாவும் அங்கே நடப்பட்டது. அவ்வேலி 1879இல் கைவிடப்பட்டது. தமிழ்நாட்டு எல்லையை அது தொடவில்லையாயினும், நாம் இதனைக் கூறுவதற்குக் காரணம் உண்டு. ஏழை வீட்டுச் சோற்றுக்குப் புளிப்புத் தந்த செடி, ஏழை வீட்டுச் சோற்றுக்கு வேண்டிய உப்பைத் தடுக்கவும் முள்ளாக்கப்பட்டது. 2001இல் இராய் மாக்சம் எழுதிய நூல் வெளிவரும் வரை இவ்வேலியைப் பெரும்பாலார் மறந்தே போயினர்.

தெற்கிலோ நிகழ்ந்தது வேறு. இந்திரகோபச் சாயப் பூச்சி வளர்க்கும் பொருட்டு 1780களின் இறுதியில் சென்னையில் மருத்துவர் ஜேம்சு ஆண்டர்சன் சப்பாத்திக்கள்ளி வளர்ப்பினை ஊக்கினார். சாயத் தொழில் நிலைக்கவில்லை, சப்பாத்தி நிலைத்தது. ஊர்ப்புறங்களை அது மூடியபின், 1920களில் அதனை உண்ணும் வேறொரு பூச்சியை இலங்கையிலிருந்து கொணர்ந்து அழித்தனர். பத்தொன்பதாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் வந்த சீமைக்கருவேல் அவ்விடத்தைப் பற்றிக்கொண்டது. அமெரிக்காவில் 1874இல் உரிமம் பெற்ற முட்கம்பியும் பின்னர் வந்து சேர்ந்தது. கம்பி காய்க்காது என்பதனை அன்று எவரும் பெருங்குறையாக எண்ணியதாகத் தெரியவில்லை.

இனிக் களாவை மனையில் வளர்க்கும் முறையைச் சுருங்கக் கூறுவோம். பாடல்களின் பொருளறியவும் இது துணையாகும். நன்கு பழுத்த கனியின் விதையை எடுத்துக் கழுவி, நாட்கடத்தாது விதைக்க வேண்டும். வைத்திருந்தால் முளைக்கும் ஆற்றல் விரைவில் குன்றும். ஆவணி, புரட்டாசியில் விதைத்த நாற்றை அடுத்த மழையில் பெயர்த்து நடலாம். வேலிக்கு இரண்டடி இடைவெளியும், தனியே காய்க்கு நடுவதாயின் பத்தடியும் விடுதல் மரபு. முதலாண்டில் நீர் வேண்டும். வேர் ஊன்றியபின் கற்பாங்கான நிலத்திலும் நிற்கும். மூன்றாம் ஆண்டளவில் காய்க்கத் தொடங்கும். வெண்ணிற மலர் மல்லிகைபோல் மணக்கும். ஒன்று மட்டும் அறியத்தக்கது: கிளையின் நுனியிலேயே பூங்கொத்து அரும்புதலின், வேலியை ஒழுங்குறக் கத்தரித்துக்கொண்டே இருப்பின் காய் குறையும். ஆங்கிலத் தோட்ட மாதிரியில் மட்டமாக வெட்டப்பட்ட களாவேலி காவல் மட்டும் தரும். சற்றே பறட்டையாக விடப்பட்ட நம் வீட்டு வேலியே காவலும் காயும் தரும். தோட்டக்கலை அறிஞர் பந்த்நகரில் பந்த் மனோகர், பந்த் சுதர்சன், பந்த் சுவர்ணா எனச் சில வகைகளைத் தெரிந்து வெளியிட்டுள்ளனர்.

காயைப் பறிக்கும்போது பால் கையில் பிசினாய் ஒட்டும். எண்ணெய் தடவிக்கொண்டு அரிவர். இரும்புப் பாத்திரம் ஆகாது; புளிப்பு அதனைக் கறுக்கச் செய்யும். அரிந்து விதை நீக்கி உப்பிட்டுச் சாடியில் ஊறவைத்தல் பொதுமுறை. மாங்காய் ஓய்ந்த பின்னும் களாக்காய் கிட்டுதலின், அது ஊறுகாய்க்கு அடுத்த முறைக்காரனாக வந்தது. புளிக்கு மாற்றாகக் குழம்பிலும் இடுவர். கனியில் கூழ்மம் மிகுதியாதலால் சருக்கரைப் பாகில் எளிதில் உறையும். ஆங்கிலேயர் வீடுகளில் இதுவே 'ஜெல்லி' ஆயிற்று. களாப்பூவை நல்லெண்ணெயில் இட்டு வெயிலில் வைத்துக் கண் படலத்திற்கு விடும் முறையைச் சித்த மருத்துவ வழக்குக் கூறும். அதனை மருத்துவரிடமே விடுதல் நன்று.

இன்று களா முற்றிலும் மறைந்ததென்று கூறலாகாது, உருமாறி உள்ளது. அடுமனைகளில் இனிப்பு அப்பத்தின் உச்சியில் சிவப்பாக வைக்கப்படும் 'செர்ரி' பெரும்பாலும் சாயமேற்றிப் பாகில் இட்ட களாக்காயே. உண்பவர் அதனை அயல்நாட்டுக் கனி என்று எண்ணுகின்றனர். அங்கும் எடுக்கப்படுவது கனியன்று, கெட்டியான காயே. கனிந்தது பாகில் கரைந்துபோம்.

வகுப்பறையில் நான்காம் பத்தினைப் பாடம் சொல்வோர் ஆடி மாதத்தில் ஒரு கொத்துக் களங்காயைக் கொணர்ந்து மாணவர் கையில் கொடுத்துக் கோத்துப் பார்க்கச் செய்தல் வேண்டும். காம்பினின்று வழியும் பால் முதலில் விரல்களை ஒட்டச் செய்யும். சிறிது பொறுத்துத் துடைத்தபின்னரே நார் நுழையும்.